எனக்கும் விசேஷம் உண்டு

“இன்னிக்கு என்ன விசேஷம், பட்டு?”

காலை பத்து மணிக்கு ஆனந்தவல்லி மன்னி எங்கள் சமையலறை ஜன்னலுக்கு வந்து இப்படிக் கேட்பாள். கையில் முறம் இருக்கும், இல்லாவிட்டால் பிழிந்த துணி இருக்கும். நான் அடுப்பை விட்டு எழுந்து, அரிசி டின்னுக்குப் பின்னால் ஒளித்து வைத்திருந்த நோட்டை எடுத்து, அன்று விடியற்காலையில் எழுதியதைப் படித்துக் காட்டுவேன். அப்பாவைத் தவிர என் குரலைக் கேட்டவள் அந்த வாடாவில் அவள் ஒருத்திதான்.

வாடா என்றால் நடுவில் முற்றம், சுற்றி எட்டுக் குடித்தனம், எல்லோருக்குமாக ஒரு குழாய். பூனாவில் ராஸ்தா பேட்டையில் இருந்தோம். எட்டாம் வகுப்புப் பாதியில் என் அம்மா போய்விட்டாள். அப்பா கிர்க்கியில் வெடிமருந்துத் தொழிற்சாலையில் குமாஸ்தா. காலை ஏழரைக்குச் சைக்கிளை எடுத்தாக வேண்டும். யாராவது சமைக்க வேண்டுமே, அதனால் நான் பள்ளிக்கூடத்தை விட்டேன். என் புத்தகங்களைப் பழைய பேப்பர்க்காரனுக்கு எடுத்துப் போட்ட அன்று அப்பா சாப்பிடாமல் படுத்துவிட்டார். நான் மறுபடி எழுதுவதைப் பார்த்தால் அவர் மனசு என்ன பாடுபடும் என்றுதான் முதலில் நோட்டை ஒளித்தேன். பிறகு ஒளிப்பதே வழக்கமாகிவிட்டது.

நோட்டில் நானாக யோசித்து எழுதியது ஒன்றுமில்லை. எங்கள் தெருக்கோடியில், சுவரில் பதித்த ஒரு கரும்பலகை இருந்தது. பிள்ளையார் சதுர்த்திக்குப் பந்தல் போடும் பேட்டை இளைஞர்கள் மற்ற நாட்களில் அதில் சாக்கட்டியால் மராட்டியில் எழுதுவார்கள். மேலே ஒரு நல்ல வாக்கு, நடுவில் செய்தி, அடியில் ‘தினவிசேஷ்’. இதே தேதியில் முன்னொரு காலத்தில் என்ன நடந்தது, எந்தப் பறவை எங்கே போகிறது, எந்த மிருகத்துக்கு எத்தனை பல், இப்படி ஏதாவது. பூனாவில் பல பேட்டைகளில் இப்படிப் பலகை உண்டு. ஆபீஸ் போகிறவர்கள் சைக்கிளில் ஒரு காலை ஊன்றிக்கொண்டு படித்துவிட்டுப் போவார்கள். நான் ஆறு மணிக்குப் பால் வாங்கப் போகும்போது படித்து, வீடு வரும்வரை முணுமுணுத்துக்கொண்டே வந்து, தமிழில் எழுதிவிடுவேன். மளிகைக்கடைப் பொட்டலக் காகிதத்தில் கிடைப்பதையும் சேர்த்துக்கொள்வேன். முற்றத்தில் வாலாட்டிக் குருவி முதலில் வந்த நாளையும் எழுதுவேன். ஒவ்வொரு பக்கத்துக்கும் ‘இன்றைய விசேஷம்’ என்று தலைப்பு. எழுதியது தப்பென்று பின்னால் தெரிந்தால் அதை அடிக்க மாட்டேன். பக்கத்தில் ‘திருத்தம்’ என்று போட்டுத் தேதியோடு சரியானதை எழுதுவேன்.

ஆனந்தவல்லி மன்னி வலங்கைமானிலிருந்து வந்தவள். மூன்றாம் வகுப்பு வரை படித்தவள். தமிழை எழுத்துக்கூட்டிப் படிப்பாள், எழுத வராது. மராட்டி பேசத் தெரியும், படிக்கத் தெரியாது. அவள் கணவர் பத்ரிநாத்துக்கு லோஹேகாவில் விமானப்படை ஆபீசில் வேலை. அம்மா சொல் தட்டாதவர். கல்யாணமாகி ஐந்து வருஷம், குழந்தை இல்லை. மாமியார் வேதநாயகி மாமிக்கு அதுதான் குறை. வருகிற போகிறவர்களுக்கும் அதுதான் பேச்சு.

“என்னடி ஆனந்தி, விசேஷம் உண்டா?” என்று கேட்பார்கள்.

முன்பெல்லாம் மன்னி தரையைப் பார்த்துக்கொண்டு உள்ளே போய்விடுவாள். என் ஜன்னலுக்கு வர ஆரம்பித்த பிறகு பதில் சொல்லத் தொடங்கினாள். மாதம் ஒரு முறை கிர்க்கியிலிருந்து ஒரு மாமி வருவாள். நாங்கள் கிர்க்கி மாமி என்றே சொல்வோம்.

“என்னடி, இந்த மாசமாவது விசேஷம் உண்டா?”

“உண்டே மாமி. ஒட்டகச்சிவிங்கிக்குக் கழுத்துல மொத்தம் ஏழே எலும்பு. உங்களுக்கும் ஏழுதான்.”

கிர்க்கி மாமி தன் கழுத்தைத் தடவிப் பார்த்துக்கொண்டாள். “அதுக்கு நான் என்னடி பண்ணணும்?”

“ஒண்ணும் பண்ண வேண்டாம். காபி சாப்பிடுங்கோ.”

நான் ஜன்னலுக்குப் பின்னால் நின்று கேட்டுக்கொண்டிருப்பேன். என் நோட்டு பெரியவர்கள் நடுவில் போய்ப் பேசுகிறதே என்று பெருமையாக இருக்கும். விசேஷம் என்று அவர்கள் கேட்பது கர்ப்பத்தை என்பது எனக்குத் தெரியாது. ஊரில் எல்லாப் பெண்களும் ஒருவரையொருவர் அன்றன்றைய தினவிசேஷத்தைத்தான் விசாரித்துக்கொள்கிறார்கள் என்று நினைத்திருந்தேன். சிரிப்பாகத்தான் இருக்கும். எனக்கு வயது பதினைந்து. அம்மா இல்லாத வீட்டில் அப்பாவும் நானும் உப்பு, புளி, மண்ணெண்ணெயைத் தவிர வேறு பேசிக்கொண்டதில்லை. மன்னியும் எனக்குச் சொல்லவில்லை. அந்தக் கேள்விக்கு ஒரு பதில் கிடைத்த சந்தோஷத்தில், எனக்குத் தெரியாது என்பது அவளுக்குத் தோன்றவே இல்லையோ என்னவோ.

ஐம்பத்தேழாம் வருஷ நவராத்திரி. வேதநாயகி மாமி வீட்டுக் கொலுவுக்கு ஏழெட்டுப் பேர் வந்திருந்தார்கள். வெற்றிலை பாக்கு வாங்கும்போது கிர்க்கி மாமி வழக்கம்போல ஆரம்பித்தாள்.

“அம்பாள் சன்னிதில கேக்கறேன், ஆனந்தி. விசேஷம் உண்டோ?”

“உண்டு மாமி. கடல்குதிரைன்னு ஒரு மீன். அதுல ஆம்பளைதான் வயத்துல சுமந்து பிள்ளை பெத்துக்குமாம். பொம்பளையை யாரும் ஒண்ணும் கேக்க மாட்டா.”

கொலுப்படி ஆடுகிறமாதிரி எல்லோரும் சிரித்தார்கள். பத்ரிநாத் அண்ணா செருப்பை மாட்டிக்கொண்டு வெளியே போனார். வேதநாயகி மாமி மட்டும் சிரிக்கவில்லை. கடைசி விருந்தாளி போனதும் அவள் குரல் முற்றம் முழுக்கக் கேட்டது.

“வாய் நன்னா வளர்ந்துடுத்து. தை வரைக்கும் பார்ப்பேன். அதுக்கப்புறம் உங்கப்பாவை வரச்சொல்லி அழைச்சுண்டு போகச் சொல்லிடுவேன். பிறந்தாத்துல உக்காந்துண்டு கடல்குதிரையைப் பத்திப் பேசு.”

அப்போதாவது எனக்கு உறைத்திருக்க வேண்டும். கடல்குதிரை விஷயத்தை நான் படித்துச் சொன்னதால் மாமிக்குக் கோபம், அவ்வளவுதான் என்று எடுத்துக்கொண்டேன். சில நாள் மிருகங்களை விட்டுவிட்டுச் சரித்திரமாகவே எழுதினேன். பேஷ்வாக்களின் அரண்மனையான சனிவார் வாடா 1828-ல் ஏழு நாள் எரிந்தது என்று எழுதியது அந்த வாரம்தான்.

நவம்பர் முதல் வாரத்தில் ரஷ்யாக்காரர்கள் ஒரு நாயை ஆகாயத்துக்கு அனுப்பினார்கள். அன்று பலகையைச் சுற்றி நிற்க இடமில்லை. மன்னி மட்டும் சந்தோஷப்படவில்லை.

“திரும்பி வருமா அது?”

“பலகைல போடல மன்னி.”

“கொண்டுவர வழி தெரியாமயா அனுப்புவா?” என்றாள். அப்புறம், “சரி, ஒரு கார்டு எழுதணும்டி, அம்மாவுக்கு” என்று இடுப்பிலிருந்து ஒரு தபால் கார்டை எடுத்தாள்.

அவளுடைய கார்டுகளை நான்தான் எழுதுவேன். ஜன்னலுக்கு அந்தப் பக்கம் நின்று அவள் சொல்வாள், இந்தப் பக்கம் நான் எழுதுவேன். “நமஸ்காரம். இங்கே எல்லோரும் சௌக்கியம். குளிர் ஆரம்பித்துவிட்டது. அப்பாவுக்கு மூட்டுவலி எப்படி இருக்கிறது.” இவ்வளவுதான் ஆகியிருந்தது. முற்றத்தில் யாரோ, “பாணி ஆலா! பாணி ஆலா!” என்று கத்தினார்கள். குழாயில் தண்ணீர் வந்துவிட்டால் குடத்தோடு ஓட வேண்டும். கால்மணி தாமதித்தால் நின்றுவிடும்.

“மிச்சத்தை நீயே எழுதிப் போட்டுடுடி. அம்மாவுக்கு மனசு சந்தோஷப்படறமாதிரி ஏதாவது எழுது” என்று சொல்லிக்கொண்டே ஓடினாள்.

கார்டில் இன்னும் நான்கு வரிக்கு இடம் இருந்தது. மன்னியின் அம்மாவுக்கு எது சந்தோஷமாக இருக்கும்? மகள் இந்த ஊரில் வாயடைத்துப் போய் இல்லை, யார் என்ன கேட்டாலும் பதில் சொல்கிறாள் என்று தெரிந்தால் சந்தோஷம்தானே. என் பெயரைப் போடக் கூச்சமாக இருந்தது. அதனால் மன்னியே எழுதுகிறமாதிரி எழுதினேன்:

‘எல்லோரும் என்னிடம் கேட்டுக்கொண்டிருந்த விசேஷம் இப்போது எனக்கும் உண்டு. அதனால் மனது நிறைவாக இருக்கிறது. இனிமேல் என்னைப் பற்றிக் கவலைப்பட வேண்டாம்.’

இரண்டு முறை படித்துப் பார்த்தேன். எழுத்துப் பிழை இல்லை. மறுநாள் பால் வாங்கப் போகும்போது பெட்டியில் போட்டேன். நான் சொந்தமாக எழுதிய முதல் வரிகள் அவை.

சில நாள் கழித்து நாய் இறந்துவிட்டதாகப் பலகையில் போட்டார்கள். நான் பழைய பக்கத்தைத் திருப்பித் ‘திருத்தம்’ எழுதினேன். மன்னி கேட்டுவிட்டு முறத்தைத் தட்டிக்கொண்டிருந்தாள்.

டிசம்பரில் வலங்கைமானிலிருந்து பதில் வந்தது. அவள் அப்பா விஸ்வேஸ்வரன் எழுதியிருந்தார். எழுத்துக்கூட்டப் பொறுமையில்லாமல் மன்னி என்னிடம் நீட்டினாள். ‘கடுதாசு கிடைத்தது. எல்லாம் மாரியம்மன் கிருபை. தை பிறந்ததும் நேரில் வருகிறேன். உடம்பைப் பார்த்துக்கொள்.’

மன்னியின் முகம் சுண்டிப்போயிற்று.

“தைலயா? தைல வராராமா?”

“அப்படித்தான் போட்டிருக்கு.”

“மாமியார் இவர்கிட்ட சொல்லி எழுத வச்சுட்டா போலிருக்கு. என்னை அழைச்சுண்டு போகச் சொல்லிட்டா.”

நானும் அப்படித்தான் நம்பினேன். போன கார்டில் மிச்சத்துக்கு என்ன எழுதினாய் என்று அவள் கேட்கவில்லை. நானாகவும் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் ஒரு மாதம் கையில் இருந்தது. இன்னொரு கார்டு போட்டு எல்லாவற்றையும் நேர்செய்திருக்கலாம்.

ஐம்பத்தெட்டில் குடியரசு தினம் ஞாயிற்றுக்கிழமை வந்தது. எல்லோரும் வீட்டில் இருந்தார்கள். பதினொரு மணிக்கு வாசலில் ஒரு குதிரை டோங்கா வந்து நின்றது. ஒல்லியான மனிதர் ஒருவர் தகரப் பெட்டியையும், ஒரு பெரிய எண்ணெய் டின்னையும், பழத்தாரையும் ஒவ்வொன்றாக இறக்கிவைத்தார். இரண்டு நாள் ரயில் கரி முகத்தில் இருந்தது. ஆனால் அழைத்துப் போக வந்தவர் மாதிரி இல்லை. முகமெல்லாம் சிரிப்பு.

வேதநாயகி மாமி முற்றத்துக்கு வந்தாள். “வாங்கோ. தகவல் சொல்லாம வந்திருக்கேளே.”

“சொன்னேனே சம்பந்தி, கார்டு போட்டேனே. எத்தனாவது மாசம்? குழந்தை அதைப் போடல. ஆத்துக்காரி தானே கணக்குப் பண்ணி அஞ்சுன்னுட்டா. வளைகாப்புக்குக் கறுப்புப் புடவை எடுத்துண்டு வந்திருக்கேன், வளையல் இருக்கு. அந்த டின்னுல முறுக்கு, அப்பம். பாத்து இறக்கணும்.”

“யாருக்கு மாசம்?”

“நம்ம ஆனந்திக்குத்தான்.”

மாமி உள்ளே திரும்பி, “பத்ரி, இங்க வா. உன் மாமனார் என்னமோ சொல்றார் கேளு” என்றாள்.

எட்டு வீட்டு வாசலிலும் ஆள் நின்றது. எங்கள் வாசலில் அப்பாவும் அவர் தோளுக்குப் பின்னால் நானும் நின்றோம். விஸ்வேஸ்வரன் சட்டைப் பையிலிருந்து ஒரு கார்டை எடுத்தார். அதன் மூலைகளில் மஞ்சள் தடவியிருந்தது. “சாமி படத்துக்குக் கீழ வச்சிருந்தோம்” என்று சொல்லி மாப்பிள்ளையிடம் கொடுத்தார். பத்ரிநாத் அண்ணா சத்தமாகப் படித்தார். ‘எல்லோரும் என்னிடம் கேட்டுக்கொண்டிருந்த விசேஷம்’ என்ற இடத்தில் அவர் குரல் தடுக்கிற்று.

எனக்கு அந்த வார்த்தையின் அர்த்தம் அப்போதுதான் தெரிந்தது. ஒட்டகச்சிவிங்கி, கடல்குதிரை, கிர்க்கி மாமி கழுத்தைத் தடவிக்கொண்டது எல்லாம் ஒரே சமயத்தில் புரிந்தது.

“ரொம்ப நன்னாயிருக்கு” என்றாள் வேதநாயகி மாமி. “எனக்குத் தெரியாத விசேஷம். பெத்தவாளையே ஏமாத்தி ரெண்டு நாள் ரயில்ல வரவழைச்சிருக்கா. இப்படி ஒரு பொய்க்காரியை வச்சுண்டு நான் குடித்தனம் பண்ணணுமாக்கும்.”

மன்னி வந்து கார்டைக் கணவர் கையிலிருந்து வாங்கிப் பார்த்தாள். அது என் எழுத்து என்று பார்த்ததுமே தெரிந்திருக்கும். ஒரு தடவை கண்ணை மூடித் திறந்தாள்.

“அப்பா, அது வேற விசேஷம்.”

“விசேஷத்துல வேறன்னு என்னம்மா இருக்கு?” என்று அவர் மெதுவாகக் கேட்டார்.

“தெருக்கோடில ஒரு பலகை இருக்குப்பா. தினம் ஒரு அதிசயம் எழுதுவா. அதுக்கு இந்த ஊர்ல விசேஷ்னு பேரு. பட்டு எனக்குப் படிச்சுச் சொல்லுவா. நோட்டுல எழுதி வச்சிருக்கா. அன்னிக்குத் தண்ணி வந்துடுத்து, நான் ஓடிட்டேன். மிச்சத்தை அவதான் எழுதினா. குழந்தை, அவளுக்கு அர்த்தம் தெரியாது.”

எல்லோரும் எங்கள் வாசலைப் பார்த்தார்கள்.

“ஏண்டி பட்டு, நீயா எழுதினே?” என்றாள் வேதநாயகி மாமி.

நான் வாயைத் திறப்பதற்குள் அப்பா சிரித்தார். “எங்க பட்டுவா? அவ பென்சிலைத் தொட்டே ரெண்டு வருஷமாச்சு, மாமி. எங்காத்துல நோட்டு ஏது? எல்லாத்தையும் நான்தானே என் கையால எடுத்துப் போட்டேன்.” கடைசி வார்த்தைகளைச் சொல்லும்போது சிரிப்பு போய்விட்டது. என்னைத் திரும்பிப் பார்த்தார். “இல்லையாம்மா?”

நோட்டு பத்தடி தூரத்தில் இருந்தது. பக்கத்துக்குப் பக்கம் ‘இன்றைய விசேஷம்’ என்று தலைப்புப் போட்டு, கார்டில் இருந்த அதே கையெழுத்தில். எடுத்துவந்து முற்றத்தில் போட்டிருந்தால் போதும். பேசக்கூட வேண்டியதில்லை.

நான் தலையை ஆட்டினேன். இல்லை என்று ஆட்டினேன்.

மன்னி என்னைப் பார்த்தாள். கோபமாகப் பார்த்தாள் என்று சொல்ல முடியாது. வாய் கொஞ்சம் திறந்தபடி இருந்தது. பிறகு தன் அப்பாவிடம் திரும்பி, “சரிப்பா. நான்தான் எழுதச் சொன்னேன்” என்றாள்.

“அப்படின்னா உங்க பொண்ணை அழைச்சுண்டு போயிடுங்கோ” என்று சொல்லிவிட்டு வேதநாயகி மாமி உள்ளே போனாள். விஸ்வேஸ்வரன் கறுப்புப் புடவையை மறுபடி பெட்டியில் வைத்துப் பூட்டினார். முறுக்கை மட்டும் திருப்பி எடுத்துப்போக மனமில்லை போலிருக்கிறது. டின்னைத் திறந்து வீடு வீடாகக் கொண்டுவந்து கொடுத்தார். எங்கள் வாசலுக்கும் வந்தார். “எடுத்துக்கோ குழந்தே. இவ்வளவு தூரம் உடையாம வந்திருக்கு” என்று என் கையில் இரண்டு முறுக்கை வைத்தார்.

மறுநாள் காலை பத்து மணிக்கு நான் நோட்டை மடியில் வைத்துக்கொண்டு ஜன்னலடியில் உட்கார்ந்திருந்தேன். அவள் வந்தால் முதலில் அவள் காலில் விழுந்துவிட்டு, நேரே வேதநாயகி மாமியிடம் நோட்டைக் கொண்டுபோவது என்று தீர்மானித்திருந்தேன். அவள் வரவில்லை. அவள் வராமலே நான் போயிருக்கலாம். முற்றத்தைக் கடக்க இருபது அடிதான்.

அவளை மறுபடி யாரும் அழைத்துக்கொள்ளவில்லை. அடுத்த வருஷம் பத்ரிநாத் அண்ணா லோஹேகாவ் பக்கமே வீடு பார்த்து அம்மாவோடு போய்விட்டார். அப்பா என் நோட்டுகளைக் கண்டுபிடித்தது அறுபத்திரண்டில். எலி இருக்கிறதா என்று அரிசி டின்னை நகர்த்தினார். பதினொரு நோட்டு இருந்தது. தரையில் உட்கார்ந்து வெகுநேரம் புரட்டினார். ஐம்பத்தெட்டு ஜனவரிக்கு வந்ததும் நிறுத்தினார். அங்கே ‘திருத்தம்’ என்று எழுதித் தேதி போட்டிருந்தேன். அதன் கீழே ஒன்றுமில்லை.

“அன்னிக்கே சொல்லியிருக்கலாமேம்மா” என்றார். “நான் என்ன சொல்லியிருப்பேன்? சந்தோஷம்தான் பட்டிருப்பேன்.”

அன்று வலங்கைமானுக்கு ஒரு கார்டு எழுதினேன். அதில் என் பெயரைப் போட்டேன். பதில் வரவில்லை.

அவர்கள் கிளம்பியது குடியரசு தினத்துக்கு இரண்டு நாள் கழித்து, செவ்வாய்க்கிழமை. ஆறரை மணி இருக்கும். நான் பால் சொம்போடு பலகைக்கு எதிரே நின்றிருந்தேன். லாலா லஜபதி ராய் பிறந்த நாள் என்று எழுதியிருந்தது. அதற்குக் கீழே, எறும்புக்குக் காது கிடையாது, தரையின் அதிர்வை வைத்துத்தான் எல்லாம் தெரிந்துகொள்கிறது என்று எழுதியிருந்தது. சாக்கட்டித் தூள் இன்னும் காற்றில் இருந்தது. டோங்கா வாடா வாசலிலிருந்து வந்து கோடியில் திரும்ப வேண்டும். எதிரே ஒரு காய்கறி வண்டி வந்ததால் என் அருகில் நின்றது. விஸ்வேஸ்வரன் முன்னால் டோங்காக்காரனோடு உட்கார்ந்திருந்தார். பின்னால் தகரப் பெட்டியின் மேல் கையை வைத்துக்கொண்டு மன்னி இருந்தாள்.

அவள் பலகையைப் பார்த்தாள். படிக்கத் தெரியாத அந்த எழுத்துகளை மேலிருந்து கீழ்வரை பார்த்தாள். பிறகு என்னைப் பார்த்தாள். இப்போது கேட்பாள் என்று நினைத்தேன். கேட்டால் எறும்பில் ஆரம்பித்து எல்லாவற்றையும் சொல்லிவிடுவேன் என்று சொம்பை இறுகப் பிடித்துக்கொண்டேன்.

காய்கறி வண்டி ஒதுங்கிற்று. டோங்காக்காரன் நாக்கைச் சொடுக்கினான். மன்னி புடவைத் தலைப்பைத் தோளைச் சுற்றி இழுத்துக்கொண்டு, பெட்டியின் பூட்டைப் பார்த்தபடி உட்கார்ந்திருந்தாள். வண்டி ஸ்டேஷன் பக்கம் திரும்பிப் போயிற்று.